உப்புப் போட்டுத்தான்

பேட்டை ரேஷன் கடையில்
மாசத்துக்கு ஒருத்தராவது கேட்டுவிடுவார்கள்.
மிஷின் கைரேகையை ஏற்காத நாளில்,
பருப்பு வராத நாளில்,
மூக்காண்டி எடை போடக் கொஞ்சம் பிந்துகிற நாளில்:
"நீங்கள்லாம் உப்புப் போட்டுத்தான் திங்கியளா?"

பதினோரு வருஷமாகப் பதில் சொன்னதில்லை.
உப்பு பாக்கெட் அடுக்கின அலமாரிக்கு
முதுகு காட்டி உட்கார்ந்து
அடுத்த கார்டை வாங்குவேன்.

ஆவணியில் அவருக்குத் தலைசுற்றல்.
ஹைகிரவுண்டில் கையில் பட்டை சுற்றிக் காற்றடித்து
நூற்றெழுபதுக்கு நூறு என்றார்கள்.
மாத்திரை ஒன்று. உப்பைக் குறைக்கணும்.

நம்பிராஜன் என்கிற அந்த மனுஷர்
தயிர்ச்சோற்றுக்கு நார்த்தங்காய்,
நார்த்தங்காய்க்குக் கல்லிடைக்குறிச்சி அப்பளம் என்று
உப்பை உப்பால் தொட்டுத் தின்றே
ஐம்பத்து மூன்றைத் தாண்டியவர்.
குறைக்கணும் என்ற சொல்லை
டாக்டரின் மேஜையிலேயே விட்டுவிட்டு
வண்ணார்பேட்டையில் ஒரு பாக்கெட்டோடு வந்தார்.
சோடியம் குறைத்த உப்பு.
குறைத்த இடத்தில் பொட்டாசியம்.
நான் விற்கிற உப்பைப் போல் பல மடங்கு விலை.
"ஏளா, இனி பயமில்லாமப் போடலாம்."

வெளுப்பில் வித்தியாசமில்லை.
ரசத்தில் முதலில் உப்பு வந்தது,
பிறகு, பஸ் போன பின்னும் நிற்கிற புகை மாதிரி
நாக்கின் அடியில் ஒரு கசப்பு.
அதை அவர் மருந்தின் கசப்பாக எடுத்துக்கொண்டார்.
கசந்தால் வேலை செய்கிறது என்று
கூட அரைக்கரண்டி.

மாத்திரை தீர்ந்து சீட்டை நீட்டினபோது
மருந்துக்கடைப் பர்வீன்
சீட்டைப் பார்த்தாள். என் பையைப் பார்த்தாள்.
பையில் இரண்டாவது பாக்கெட்.
"இந்த மாத்திரையே பொட்டாசியத்தைப் பிடிச்சு வைக்கும்க்கா.
கிட்னி டெஸ்ட் எடுத்தியளா?"
பாக்கெட்டைத் திருப்பிக் காட்டினாள்.
எறும்புச் சாரி போல எழுத்து:
சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள்
மருத்துவரைக் கேட்காமல் பயன்படுத்தக் கூடாது.

கார்டில் ஒரு இலக்கம் பிசகினால்
மேஜைக்கு இந்தப் பக்கமிருந்தே கண்டுபிடிக்கிறவள்
நான்.

ஐந்து புள்ளி ஒன்பது என்று வந்தது.
கிரியாட்டினினும் ஏறியிருந்தது.
நெஞ்சில் வயர்களை ஒட்டிப் படம் எடுத்தார்கள்.
டாக்டர் திட்டவில்லை, அதுதான் பயமாக இருந்தது.
அந்த உப்பே வேண்டாம் என்றார்.
பழைய உப்பும் கண்ணில் காட்டுகிற அளவுதான்.
இப்போதைக்கு இளநீரும் கூடாது.
ஆஸ்பத்திரி வாசலில் இளநீர் வண்டியைப் பார்த்தபடி
இவர் வெகுநேரம் நின்றார்,
கடன் கேட்கப் போய்
கேட்காமல் திரும்புகிறவர் போல.

கார்த்திகையில் ஒரு ஞாயிறு சொதி வைத்தேன்.
நகக்கண் அளவு உப்பு.
எலுமிச்சை ஒன்றரை.
இஞ்சிப் பச்சடியில் இஞ்சி இன்னொரு துண்டு.
முதல் கவளத்தில் எதையோ தேடினார்.
இரண்டாவதில் தேடவில்லை.
மூன்றாவதில், "தேங்காப்பால் இனிக்கி" என்றார்,
இருபத்தாறு வருஷத்தில் முதல் தடவையாக.
பாராட்டா, புகாரா,
நான் கேட்டுக்கொள்ளவில்லை.

மீந்த பாக்கெட்டை வீச மனசில்லை, கொடுத்த விலை அப்படி.
என் ரத்தத்தையும் பார்த்து
நீங்கள் சாப்பிடலாம் என்று டாக்டர் சொன்ன பிறகு
நீல மூடி டப்பாவில் கொட்டி
மேலே பிளாஸ்திரி ஒட்டி எழுதினேன்:
நம்பிராஜன் தொடக் கூடாது.
கல்யாணப் பத்திரிகைக்குப் பிறகு
அவர் பேர் அச்சுப் போல் நிமிர்ந்து நின்றது
அந்த டப்பாவில்தான்.

நேற்று பாமாயில் பாதி வரிசையோடு தீர்ந்துவிட்டது.
முன்னால் நின்ற அம்மாள் பையை உதறினாள்.
"உப்புப் போட்டுத்தான் திங்கியளா?"

"அவருக்குக் கால்வாசி" என்றேன்.
"நான் வேற உப்பு."

மூக்காண்டி தராசிலிருந்து தலையைத் தூக்கினான்.
அந்த அம்மாள் ஒரு நிமிஷம் விழித்தாள்.
பிறகு வரிசைக்குக் கேட்காத குரலில்,
"எங்க வீட்டிலயும் பிரஷரு.
அது என்ன உப்பு?"

"மொதல்ல ரத்தம் டெஸ்ட் பண்ணுங்க" என்றேன்.

மிஷின் அவள் விரலை ஏற்கவில்லை.
முந்தானையில் துடைத்து
மறுபடி வைக்கச் சொன்னேன்.