வெளிச்சச் சோதனை

முதலில் மூக்கு.
கதவைத் திறந்து ஒரு மூச்சு இழுத்தால் போதும்,
பெட்டி எதைச் சுமந்து வந்ததென்று சொல்லிவிடுவேன்.
இது வெங்காயம். அது சலவைத்தூள்.
டயர் ஏறிய பெட்டிக்கு
எத்தனை நாள் வெயில் காட்டினாலும் வாசம் போகாது,
அதில் கொக்கோ ஏற்ற முடியாது.
கொக்கோவுக்கு ஒட்டுக்கேட்கிற புத்தி,
பக்கத்தில் எது மணத்தாலும்
வாங்கி வைத்துக்கொள்ளும்.

பிறகு கால். தரைப்பலகை தொய்கிற இடம்
குதிகாலுக்குத்தான் தெரியும்.

பிறகு நான் உள்ளே போய் நிற்க
டெட்டே வெளியிலிருந்து கதவைச் சாத்துவான்.
இரும்பில் இரும்பு மோதும்.
நாற்பதடி நீளத்துக்கு இருட்டு, முழுக்க என்னுடையது.
கண் பழக அறுபது எண்ணவேண்டும்.
எவே மொழியில் எண்ணுவேன்;
ஆங்கிலத்தில் அறுபது சீக்கிரம் வந்துவிடுகிறது.

ஓட்டை இருந்தால் அப்போது தெரியும்,
கூரை மூலையில் ஊசிமுனை வெளிச்சம்.
ஒரு மழைக்கு அது போதும்.
கீழே இருக்கும் மூட்டை பூசணம் பூக்கும்,
ஹாம்பர்க்கில் யாரோ முகம் சுளிப்பார்,
அந்தச் சுளிப்பு தாளுக்குத் தாள் தாவிக்
கடைசியில் டெமாவுக்கு வந்து
எசினாம் என்ற கையெழுத்தைத் தொடும்.

எங்கள் துறைமுகத்துக்கு வருவது நிறைந்து வரும்.
போவதில் பெரும்பாதி காற்று.
காற்றுக்கும் எண்ணெய் எரிகிறது,
காற்றை ஏற்றிப்போகிற மாலுமிக்கும்
வீட்டு நினைப்பு வருகிறது.

அப்படித்தான் இருந்தது,
செங்கடலில் கப்பல்களைச் சுடத் தொடங்கும்வரை.
இப்போது அவை ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போகின்றன.
டெட்டேயின் கைபேசியில் பார்க்கலாம்:
எங்கள் கடலுக்கு வெளியே
பச்சை அம்பு, பின்னால் பச்சை அம்பு,
வெல்லம் கண்ட எறும்புபோல வடக்கே.
ஒன்றும் உள்ளே திரும்பாது.
நெடுஞ்சாலை வாசலுக்கு வந்துவிட்டது,
கடைக்குள் ஏறத்தான் ஆளில்லை.

கப்பல் சுற்றினால் பெட்டியும் சுற்றுகிறது.
பத்து நாள் தாமதம், பன்னிரண்டு நாள்.
எதுவும் தொலையவில்லை, எல்லாம் வழியில் இருக்கின்றன.
நேற்றுவரை இடத்தை அடைத்துக் கிடந்த
வெற்றுப் பெட்டிக்கு இன்று அடிதடி.

மேலாளர் குவார்ஷி செய்தி அனுப்பினார்:
இன்றைக்கு முப்பது வேண்டும்.
கண்ணுக்குக் கொஞ்சம் பெரிய மனது இருக்கட்டும்.

இருபத்தொன்பது ஆகியிருந்தது.
முப்பதாவதின் சுவரில்
யாரோ சுண்ணக்கட்டியால் போட்ட கூட்டல் கணக்கு,
தப்பு விடையோடு.
கதவு சாத்தியது.
நாற்பது எண்ணும்போதே தெரிந்தது,
வலது மேல்மூலையில் துருவரித்த இடத்தில்
ஏழு புள்ளிகள்.
ஹர்மட்டான் புழுதி மிதந்து
ஏழும் நூலாகத் தொங்கின.
ஒன்றை உள்ளங்கையில் வாங்கினேன். கனமே இல்லை.
எத்தனை துறைமுகங்களில்
எத்தனை பேர் இங்கே நின்று எண்ணி
பெரிய மனது வைத்திருப்பார்கள்?

ஆயிற்றா என்று டெட்டே தட்டினான்.
இல்லை என்றேன்.
எண்பதைத் தாண்டி எண்ணிக்கொண்டிருந்தேன்.
வெளியே லாரி ஹாரன் அடித்தது.

நான் தள்ளிய பெட்டிகள் எங்கே போகின்றன, தெரியும்.
ஆஷாய்மான் சாலையோரம் ஜன்னல் வெட்டிக்கொண்டு
கடையாகிவிடும்.
என் தங்கை செனா முடி பின்னுவதும்
அப்படி ஒரு பெட்டியில்தான்.
மழை வந்தால்
என்னைத் திட்டிக்கொண்டே வாளி வைப்பாள்.

இருபத்தொன்பது என்று அனுப்பினேன்.
இரண்டு நீலக் குறிகள் விழுந்தன.
பதில் வரவில்லை.

டெட்டே சுவரில் சாய்ந்து
பச்சை அம்புகளைப் பார்த்துக்கொண்டிருந்தான்.
ஒன்று நின்றுவிட்டது என்றான்.
எங்கே என்று குனிந்தேன்.
அதற்குள் நகர்ந்திருந்தது.