துடைப்பதும் சேர்த்தியா

ரீகாவில் நவம்பர். டிராம் வரவில்லை.
மழைக்கு ஒதுங்கிய இடம்
பழைய சலவைக்கூடம் என்று பிறகுதான் தெரிந்தது.
வாசலில் ஒருவன் ஐந்து யூரோ கேட்டான்.
ஈரச் சில்லறையை எண்ணிக் கொடுத்தேன்.

உள்ளே என்னோடு பதினோரு பேர்.
ஸைகா என்று பெயராம்.
பகலில் மீன் பொட்டலம் கட்டும் வேலை.
அங்கிருந்தே கொண்டுவந்த பனிப்பாளத்தை,
அரை ஜன்னல் அகலம், ஒரு விரல் தடிமன்,
மேசைமேல் நிமிர்த்தியிருந்தாள்.

அதுதான் திரை.

பதினாறு மில்லிமீட்டர் சுருள் கறகறத்தது.
பாளத்துக்குள் ஓர் ஆறு.
பாலத்தில் யாரோ நடந்து வந்தார்,
விரிசலைத் தாண்டியதும் இருவரானார்,
இருவராகவே போனார்.
அவள் உள்ளங்கையைப் பதித்தாள்.
பாலம் அங்கே சொட்டத் தொடங்கியது.

நாற்பது நிமிடம்.
விரல்கள் சிவந்தன, பிறகு வெளுத்தன.
திரை மெலிந்து
தட்டாகி, சில்லாகி,
வெளிச்சம் நேராக அவள் ஸ்வெட்டரில் விழுந்தபோது
ஆற்றைப் போர்த்திக்கொண்டு நின்றாள்.

சுருள் தீர்ந்து அதன் வால் மட்டும்
டப் டப்பென்று அடித்துக்கொண்டிருந்தது.
கைதட்டத் தெரியவில்லை எங்களுக்கு.
அவள் வாளியும் துணியும் எடுத்துவந்து
முட்டி போட்டுத் தரையைத் துடைத்தாள்,
பிழிந்தாள், துடைத்தாள்.
மூச்சை அடக்கிப் பார்த்தோம்.

முன்வரிசைக்காரர் கேட்டேவிட்டார்:
இதுவும் சேர்த்தியா?

யோசித்தாள், நிஜமாகவே.
"பத்து மணிக்குச் சாவி கொடுக்கணும்."

வெளியே என் டிராம் கடந்துபோனது.
ஒருவரும் எழவில்லை.
"காலைத் தூக்குங்க" என்றாள்.

தூக்கினோம்.