பதினொரு கதிரை

கச்சேரி மண்டபத்தில் அன்று பதினொரு கதிரை.
பன்னிரண்டாவதாக வந்தவள் ஒலிந்தா அந்திராதோ,
கருவாட்டுப் பெண்கள் சங்கத் தலைவி,
பாலையூற்றில் பிறந்து திருக்கடலூரில் வாழ்க்கைப்பட்டவள்.
சுருள் முடியை இழுத்துக் கட்டியிருந்தாள்.
கையில் பொலித்தீன் பை. உள்ளே
நூற்று நாற்பது கையெழுத்து, பாதி பெருவிரல்.

குறிப்பெழுதுவது என் வேலை.
யார் வந்தார் என்று எழுத ஒரு கட்டம் உண்டு.
யார் நின்றார் என்று எழுத இல்லை.

"சுருக்கமாச் சொல்லுங்கோ" என்றார் அதிகாரி,
ஹோட்டல்காரரின் வரைபடத்தை நிமிர்த்தியபடி.
அதில் கடற்கரை முழுக்க நீலக் குடைகள்.
கருவாடு காயும் மணலுக்கு
ஒரு நிறமும் கொடுக்கவில்லை.

அப்போது எனக்கு இன்சிங்கா நினைவு.
நானூறு வருஷத்துக்கு முந்தி, லுவாண்டாவில்,
போர்த்துக்கீசக் கவர்னருக்குக் கதிரை,
அண்டோங்கோ அரசனின் சகோதரிக்குத் தரைவிரிப்பு.
அவள் திரும்பிப் பார்த்தாளாம்.
தோழி ஒருத்தி கைகால் ஊன்றிக் குனிந்தாள்.
அந்த முதுகில் அமர்ந்து
நேருக்கு நேர் பேசினாளாம் சமாதானம்.
எழுதிவைத்தவர் ஒரு பாதிரி.
நகர நூலகத்தில், மழை பெய்த ஒரு சனிக்கிழமை,
வாசித்துவிட்டு மேசையில் தட்டியிருக்கிறேன்.

கதிரை என்ற சொல்லே அவர்கள் கப்பலில் வந்ததுதான்.
மேசை வந்தது, அலுமாரி வந்தது,
ஒலிந்தாவின் முன்னோன் எவனோ ஒருவனும் வந்தான்.
சொல்லுக்கு யாரும் விலங்கு போடவில்லை.

சுவரோரம் ஒவ்வொருத்தியாய் வந்து நின்றார்கள் எனக்கு.
குஷ் நாட்டின் ஒற்றைக்கண் ராணி முதலில்.
இங்கே கோயிலை இடித்துக் கோட்டை கட்டினார்கள்;
அவள் நாட்டிலோ
ரோமச் சக்கரவர்த்தியின் வெண்கலத் தலையைக்
கோயிற்படிக்குக் கீழே புதைத்துவைத்தார்கள்,
போகிறவர் வருகிறவர் மிதிக்கட்டும் என்று.
பிறகு எஜிசுவின் தாய்ராணி யா அசாந்தேவா.
யாருமே உட்காராத பொன் முக்காலியை
நான் உட்காரக் கொண்டுவா என்றான் ஒரு வெள்ளைக்காரன்.
தலைவர்கள் தயங்கினார்கள்.
அவள் தயங்கவில்லை.

ராணிகள் பார்த்துக்கொண்டே இருக்க
நான் பாதி எழும்பினேன்,
என் கதிரையைத் தள்ளிக் கொடுக்க.
ஒலிந்தா கையமர்த்தினாள்:
"நீ இருந்து எழுது பிள்ளை.
நிண்டாத்தான் என்ர மணம் இவைக்கு எட்டும்."

எட்டியது. ஏசி அறை முழுக்கப் பாரைக் கருவாடு.
அதிகாரி கைலேஞ்சியால் மூக்கைப் பொத்தினார்.
யாரோ யன்னலைத் திறந்தார்கள்.
வெளியே வாகனத் தரிப்பிடத்தில் இரண்டு புள்ளிமான்
ஜீப்பின் நிழலில் படுத்து அசைபோட்டன.
நாற்பது நிமிஷம் நின்று பேசினாள்.
எத்தனை அடி மணல், எத்தனை நாள் வெயில்,
எத்தனை வீட்டில் அந்த வெயிலை நம்பி உலை.
முடிவு: அடுத்த கூட்டத்துக்கு ஒத்திவைப்பு.

குறிப்பில் எழுதினேன்:
திருமதி ஒ. அந்திராதோ நின்றார். கதிரை வழங்கப்படவில்லை.
மறுநாள் சிவப்பு மையில் திரும்பி வந்தது:
தேவையற்றது. நீக்குக.

நீக்கினேன்.
நிரந்தர நியமனம் இன்னும் வரவில்லை எனக்கு.
குனிந்து தட்டச்சுச் செய்யும்போதுதான் உறைத்தது,
லுவாண்டாவில் குனிந்தவளின் பெயரைப்
பாதிரி எழுதவில்லை.
அன்று மேசையில் தட்டியபோது
நான் அதைக் கேட்கவும் இல்லை.
எவ்வளவு நேரம் பேசியிருப்பார்கள்?
முழங்காலுக்குக் கீழே என்ன இருந்தது, கல்லா?
எழும்பு என்று யார் சொன்னது அவளுக்கு?

பின்னேரம் கடற்கரையால் போனேன்.
கவிழ்த்துப் போட்ட தோணியின் முதுகில்
நாலு பெண்கள் இருந்தார்கள்.
ஒலிந்தா வர, பேச்சை நிறுத்தாமலே
ஆளுக்குக் கொஞ்சம் நகர்ந்தார்கள்.
இருந்தாள்.
பிறகு என்னைக் கண்டு
இன்னும் கொஞ்சம் நகரச் சொன்னாள்.