ஒரு யுனிட்

நேற்றுக் கிழக்கே கிடந்த கடல்
இன்று தபால் கந்தோருக்குப் பின்னால்.
கோமாரியில் இதற்கெல்லாம் யாரும் வாசலுக்கு வருவதில்லை.
பதினொரு வருசமாய் இங்கே மீட்டர் பார்க்கிறேன்,
நானும் பழகிவிட்டேன்.

முதல் மாதம் அழுதேன்.
பதிவேட்டில்: பள்ளிவாசல் ஒழுங்கை, இடப்பக்கம், நாலாவது வளவு.
போய்ப் பார்த்தால் ஒழுங்கை களப்புக்குள் இறங்கி
கண்டல் வேர்களுக்கிடையே குனிந்து
அக்கரையில் ஏறி உலர்ந்துகொண்டிருந்தது,
சைக்கிள் தடம்கூடக் கலையாமல்.
நாலாவது வளவு மணல்மலையின் தோளில் குந்தியிருந்தது
கிணற்றையும் தூக்கிக்கொண்டு.
வாளியைத்தான் மறந்துவிட்டிருந்தது.

"வாளிக்கு ஆள் அனுப்பிருக்கன் மனே,
ரெண்டு நாளையில வந்திரும்" என்றார் ஆதம்லெவ்வை.
வந்தது, நிறைய இறாலோடு.

கம்பிகள்தான் பாவம்.
இரவெல்லாம் இழுபட்டு
விடியும்போது தூண்களில் தொங்கும்
காயப்போட்ட வலைபோல.

வன இலாகா நட்ட எல்லைக்கற்கள்
முதல் இரவே எழுந்து நடந்து
நண்டு வளைகளின் பக்கத்தில் கூடி நின்றன,
நாற்பத்திரண்டும்.
திரும்ப நட்டார்கள்.
மறுநாள் எண்ணினால் நாற்பத்து மூன்று.

லெவ்வைக்கும் பேரின்பத்துக்கும் வேலி வழக்கு.
சாட்சிக்கு என்னைக் கூப்பிட்டார்கள்.
வேலி எங்கே நிற்கிறது?
ஐயா, எந்த இரவைக் கேட்கிறீர்கள்?
தவணை போட்டார் நீதவான்.
அந்தத் தவணை வருவதற்குள்
பேரின்பத்தின் தென்னைகள் லெவ்வையின் வளவில் குலை தள்ளின.
லெவ்வையின் ஆடு பேரின்பத்தின் குசினியில் மூன்று குட்டி போட்டது.
இருவரும் ஒரே பஸ்ஸில் போய்
ஒரே பஸ்ஸில் திரும்பினார்கள்.
பேசவில்லை.
டிக்கெட்டை மட்டும் லெவ்வை எடுத்தார்.

இப்போது நான் வீட்டைத் தேடுவதில்லை, இலக்கத்தைத் தேடுகிறேன்.
மேடு பள்ளமாகட்டும், வட்டை கடலாகட்டும்,
கறுப்புப் பெட்டிக்குள் அந்தச் சின்னச் சக்கரம்
ஒரே பக்கமாய்ச் சுற்றுகிறது.
போனது போனதுதான் அதற்கு.

கணக்கு 308, யசோதினி வீடு.
ஆட்கள் இல்லை. வள்ளம் ஏறினவர்கள்.
எந்தக் கரை பிடித்தார்கள், பிடித்தார்களா,
எவரிடமும் சேதி இல்லை.
ஜன்னலால் தெரிவது ஒரு கதிரை,
கவிழ்த்த பானை,
வைகாசியில் நின்றுபோன கலண்டர்.
மெயினை நானே இறக்கிவைத்தேன்.
ஆனாலும் மாதம் ஒரு யுனிட்.
சரியாக ஒன்று.

ஒழுக்கா, களவா என்று கேட்டது கந்தோர்.
ஒழுக்கு என்று எழுதினேன்.

போன மாசி அமாவாசை
கடைசி பஸ் தன் ரோட்டைத் தொலைத்துவிட்டது.
308இன் விறாந்தையில் படுத்தேன்.
சாமத்தில், நெல்மூட்டை இழுக்கிற சத்தம்.
கதிரை நகர்ந்து சுவரோடு ஒட்டிக்கொண்டது.
தலைக்கு மேலே பல்ப் தானாய் எரிந்தது.

மணல்மலை எழும்பி வந்தது, வயிறெல்லாம் சிப்பி.
களப்பு தன் மீன்களை ஒருபக்கம் ஒதுக்கிக்கொண்டு வந்தது.
பனைகள் ஒன்றின் முந்தானையை ஒன்று பிடித்து.
எல்லோருக்கும் பின்னால் தோணா,
நொண்டி நொண்டி.
வெளிச்சத்துக்குக் கீழே வந்ததும்
ஒவ்வொன்றும் நின்று
கால் வைக்க இடம் பார்த்து
கடந்து போயிற்று.

கடைசி ஆள் போனபிறகும் பல்ப் அணையவில்லை.
கடல் பக்கமாய்
இன்னும் கொஞ்ச நேரம் எரிந்தது.

முந்தைய வாசிப்பு 4126. இந்த வாசிப்பு 4127.
காசை நான் கட்டுகிறேன்,
ஒரு யுனிட்டும், பில்லில் அதற்குக் கீழே
நிலையான கட்டணம் என்று ஒன்று இருக்குமே, அதுவும்.
இந்த ஊரில் நிலையானது அது மட்டும்தான்.

விடிந்ததும் சைக்கிளை எடுத்தேன்.
ரோடு இன்னும் வந்திருக்கவில்லை.
சில்லுக்குக் காற்றடித்துக்கொண்டு
நின்றேன்.