ஐந்து கதிர்

ஒடேசாக்காரன் ஓஸ்தாப்புக்குப் பல்வலி.
ஸ்டான்லிக்குக் கூட்டிப்போகச் சொன்னது ஏஜென்சி.
ஜீரோ கேட்டில் லாரிகள் நகரவில்லை.
தார்ப்பாய்க் கிழிசலில் சொட்டியது
மஞ்சள் பட்டாணி.
டயருக்கடியில் பெருக்கிக்கொண்டிருந்தாள் அஞ்சலாட்சி.

வீங்கிய தாடையோடு சொன்னான்:
முப்பத்திரண்டில், எங்கள் ஊரில்,
அறுத்த வயலில் ஐந்து கதிர் பொறுக்கினால்
பத்து வருடம்.
கோதுமை மட்டும் கப்பலேறிப் போயிற்று.
பொறுக்கப் போனவள் திரும்பவில்லை.
பெயர் கேட்டேன்.
வீட்டில் அதைச் சொல்லமாட்டார்கள் என்றான்.

விசில்.
லத்தியோடு ஏட்டு.
ஓஸ்தாப் ஆட்டோவிலிருந்து குதித்து
அவளோடு அள்ளத் தொடங்கிவிட்டான்.

"இன்னாத்துக்கு ஊதுற?
நேத்து சுண்டல் துன்ன டப்பா எங்க?"
அஞ்சலாட்சி நிமிரவேயில்லை.

இதை எந்த இங்கிலீஷில் சொல்வது?
அள்ளியதை எங்கே வைப்பதென்று தெரியாமல்
நின்றுகொண்டிருந்தான்,
இரண்டு கையும் நிறைய.