விரற்கடை

டெச்சிமான் சந்தையில்
அன்சோமா வாய் திறக்காமல் தக்காளிக்கு விலை திறக்காது.
வருடத்துக்கு எண்பது பெட்டி வேலை
எனக்குத் தருகிறவள்.
வாவா மரம், இரண்டங்குல ஆணி,
பக்கத்துக்கு நான்கு பலகை,
நடுவில் காற்றுக்குக் கொஞ்சம் இடம்.

முதலில் அவள் கேட்டது ஒரு விரற்கடை.
"உயரத்தில் மட்டும். கண்ணுக்குத் தெரியாது."
தெரியவில்லை.
அடுத்த வருடம் இன்னொன்று.
மூன்றாம் வருடம் சுத்தியல் பட்டு
என் விரல் கத்தரிக்காயாய் வீங்கியிருந்தது.
அதை வைத்துத்தான் அளந்தேன்.
என் வீக்கமும் சேர்ந்து
எண்பது பெட்டியிலும் ஏறிப் போயிருக்கும்.

விலை பெட்டிக்கு. எடைக்கு இல்லை.
தராசை வெளியே எடுத்தவன் தோட்டத்துக்கு
அப்புறம் லாரி வராது,
வடக்கே எல்லோருக்கும் தெரியும்.

போன அறுப்புக்கு
உடைந்த பெட்டிகளைச் செப்பனிட
என்னையும் ஏற்றிப் போனாள்.
நவ்ரோங்கோவில் ஹர்மத்தான் புழுதி.
அதற்குள் வாய்க்காலோரம் மட்டும் ஒரு பச்சைக் கோடு,
கோடு முழுக்கச் சிவப்புப் புள்ளிகள்.
நிரப்பினால் போதாது, குவிக்க வேண்டும்.
தலைதட்டுகிற பழக்கம் அங்கே கிடையாது.
குவித்ததை அழுத்தி மூடி அடிப்பது என் வேலை.

அவெபுகா என்கிற பெண்
ஒரு சோளத்தட்டையோடு வந்தாள்.
அதில் நகத்தால் கீறிய மூன்று கோடுகள்.
பெட்டியோரம் நிறுத்திப் பார்த்தாள்.
மூன்றாவது கோட்டுக்கு மேலே
பலகை இன்னும் கொஞ்சம் ஏறியிருந்தது.
பிறகு என் கையிலிருந்த சுத்தியலைப் பார்த்தாள்.
காசெம் மொழியில் ஏதோ சொன்னாள்.

ஓட்டுநர் தாஹிரு பெயர்த்துச் சொன்னான்:
"உன் விரல் ஏன் வருடா வருடம் பருக்கிறதென்று கேட்கிறாள்."
பாதியைத்தான் பெயர்த்தான் என்று நினைக்கிறேன்.
அவள் பேசியது அதைவிட நீளம்.

நான் ஆணியை வாயில் வைத்திருந்தேன்.
பதில் சொல்லாமலிருக்க அது வசதி.

திரும்புகையில் புயிப்பே பாலத்துக்கு இப்பால்
அச்சு முறிந்தது.
ஒரு பகல், ஓர் இரவு, மறுபடி ஒரு பகல்.
தார்ப்பாய்க்குள் தக்காளி மூச்சு விடுகிற சூடு.
இரண்டாம் நாள்
லாரியின் அடியிலிருந்து சொட்டத் தொடங்கியது,
ஈக்கள் எங்களுக்கு முன்பே கண்டுகொண்டன.
பிரித்துப் பார்த்தோம்.
ஒவ்வொரு பெட்டியிலும் மேலே இருந்தவை பளபள.
அடியில், கிட்டத்தட்ட நான்கு விரற்கடை
கூழ்.

அன்சோமா அழவில்லை.
வாரவட்டிக்கு வாங்கிய பணம்,
மூன்று சோதனைச் சாவடியில் கொடுத்த பணம்,
எல்லாவற்றையும் உதட்டுக்குள் கூட்டினாள்.
பேருந்துகளைக் கைகாட்டி நிறுத்தி
கேட்ட விலைக்குக் கொடுத்தாள்,
கொசுறும் போட்டாள்.
அவள் கொசுறு போட்டு
அன்றைக்குத்தான் பார்த்தேன்.
இருட்டியதும்
நசுங்கிய பழமொன்றை உப்புத் தொட்டுத் தின்றாள்.
எனக்கும் ஒன்று நீட்டினாள்.

வீட்டுக்கு வந்தபோது
அடோமா குழம்பு கூட்டிக்கொண்டிருந்தாள்.
தகர டப்பாவைத் திறந்து
கடல் கடந்து வந்த தக்காளி விழுதை
கரண்டியால் சுரண்டிப் போட்டாள்.
"பழம் விற்கிற விலையில்..." என்றாள்.
நான் எந்த விலையையும் பற்றிப் பேசவில்லை.

இந்த வருடமும் அன்சோமா வந்தாள்.
கடன் அடையவில்லை, எண்பது பெட்டி,
"இன்னும் ஒரு விரற்கடை."

கொல்லையில் முதல் வருடத்துப் பெட்டி ஒன்று
கோழி அடைகாக்கக் கிடந்தது.
கோழியோடு தூக்கி வந்து
சென்ற வருடப் பெட்டிக்குள் வைத்தேன்.
நாலு புறமும் சரியாகப் பொருந்தியது.
மேலே மட்டும்
கோழி நிமிர்ந்தும் தலை வெளியே தெரியவில்லை.

அன்சோமா கொஞ்ச நேரம் உள்ளே எட்டிப் பார்த்தாள்.
"எத்தனை முட்டை?" என்று கேட்டாள்.
"ஒன்பது."
முன்பணத்தை எண்ணி மரத்தூளின் மேல் வைத்தாள்.
இன்னும் அங்கேதான் இருக்கிறது.
ரம்பத்துக்கு எண்ணெய் போட்டுக்கொண்டிருக்கிறேன்.