எர்த்

மழையில்தான் கனக்கிறது என்றாள் சவரியம்மா.
செவ்வாய், வியாழன், சனி
அடைக்கலத்தை ரத்தம் சுத்தம் செய்யத்
தெலுக் இந்தான் கொண்டுபோய்த் திரும்புகையில்
பாலம் இறங்கிச் செம்பனை ஆலை வளைவில்
ஸ்டியரிங் கல்லாகிறதாம்.
டாஷ்போர்டில் மஞ்சளாய் மூன்றெழுத்து எரிகிறதாம்.

நான் பார்த்தபோதெல்லாம் வெயில்.
ஒரு விரலில் திரும்பியது மைவி.
"ஒண்ணுமில்லே அக்கா" என்று
போன மாதம் அனுப்பிவிட்டேன்.
தெலுக் இந்தான் பட்டறையில்
கோடு படித்துவிட்டுச் சொன்னார்களாம்,
சென்சர் போச்சு, தண்டோடு மாத்தணும்,
இரண்டாயிரத்து நூறு வெள்ளி.
அந்தச் சீட்டு அவள் பையில்
செபமாலைக்குக் கீழே நாலாய் மடிந்திருந்தது.

சென்சர் என்பது இவ்வளவுதான்:
கை கேட்பதற்கும் சக்கரம் இசைவதற்கும் நடுவே
ஒரு கம்பி கொஞ்சம் முறுக்கிக்கொள்ளும்.
அந்தக் கொஞ்சத்தை அளந்து சொன்னால்
மோட்டார் வந்து தோள் கொடுக்கும்.
பொய் சொல்கிற சென்சர்
வெயிலிலும் சொல்ல வேண்டுமே.

"மழையில வேற என்ன செய்வீங்க?"
"என்ன செய்வேன், வைப்பர் போடுவேன்,
விளக்கு போடுவேன்,
கண்ணாடி பூக்குதேன்னு ஏர்கோனைக் கூட்டுவேன்,
மாதாவேன்னு சொல்லுவேன்."

கடைசியை விட்டுவிட்டு
மற்ற மூன்றையும் போட்டேன்.
காய்ந்த கண்ணாடியில் வைப்பர் கிறீச்சிட்டது.
ரஃபீக் உள்ளே உட்கார்ந்து
இடம் வலம், இடம் வலம்.
ஆறாவது திருப்பத்தில்
"பாஸ், பெராட்!" என்று கத்தினான்.

பேட்டரித் தலையில் பதினாலு வோல்ட்.
மோட்டார் வாயில் பத்தரை.
நடுவில் எவனோ தின்கிறான்.
நேர்க்கம்பியில் தேடினேன், பியூஸில் தேடினேன்,
எலி கடித்திருக்குமோ என்று
குப்புறக் கிடந்தும் பார்த்தேன்.
கடைசியாக ஒரு முள்ளை பேட்டரியின் கறுப்புத் தலையிலும்
மற்றதைக் காரின் உடம்பிலும் வைத்தேன்.
ஒன்றுமே காட்டக் கூடாத இடம்.
மூன்று புள்ளி நாலு.

எர்த் போல்ட்டைக் கழற்றினேன்.
வளையத்துக்கு அடியில்
பளபளவென்று சிவப்புப் பெயிண்ட்.
துருவில்லை, களிம்பில்லை.
நல்ல வேலை. மூன்று கோட்.

பிப்ரவரியில் மாட்டை இடித்து ஒடுங்கிய முன்பக்கத்தைத்
தட்டி எடுத்து, பூசி, காயவைத்து,
அதன் மேலேயே எர்த்தை முடுக்கியவன்
நான்.

ரஃபீக் என்னைப் பார்த்தான்.
நான் உப்புத்தாளைத் தேடுவதாகக்
கொஞ்ச நேரம் தேடினேன்.

இரும்பு வெளுக்கும்வரை தேய்த்தேன்.
வளையத்தைப் பதித்து இறுக்கி,
ஈரம் புகாமல் வெளியே கிரீஸ் தடவினேன்.
மூன்று புள்ளி நாலு
சுழியம் புள்ளி சுழியம் ஐந்தானது.
கோடை அழித்தேன். எதற்கும் இருக்கட்டுமென்று
நடுநிலையையும் புதிதாய்ச் சொல்லிக்கொடுத்தேன்.
அதற்குச் சக்கரம் நேரே நிற்க வேண்டும்,
யாரும் தொடக் கூடாது.
"கையை எடுங்க அக்கா."
எடுத்தவள் எங்கே வைப்பதென்று தெரியாமல்
பூசையில் நிற்பவள்போல் தூக்கியே வைத்திருந்தாள்.
மஞ்சள் இரண்டு முறை சிமிட்டி அணைந்தது.

அப்புறம்தான் சொன்னேன்.
"என் கைத்தப்பு. காசு வேணாம்."

திட்டுவாள் என்று நின்றேன்.
அவள் சீட்டை எடுத்துக் கிழித்தாள்,
கிழித்ததைத் திரும்பப் பைக்குள்ளேயே போட்டாள்.
"அப்ப எனக்குக் கை தளரலே."

"என்னக்கா?"

"அவருதான். ஒனக்குக் கை தளந்துபோச்சு,
காடிய வித்துடுன்னு நாலு மாசமா.
நானும் ராத்திரியில
துணியெல்லாம் முறுக்கிப் பிழிஞ்சு பாத்தேன்."

எதிர் ஒட்டுக்கடையில்
இடது கையில் கட்டோடு அடைக்கலம்,
டாக்டர் அளந்துவிட்ட தண்ணீரை
மிடறு மிடறாகக் குடித்துக்கொண்டிருந்தார்.

"நான் சொன்னா நம்ப மாட்டாரு.
நீ போய்ச் சொல்லு."

பழக்குலை ஏற்றிய லோரிகள்
ஒன்றன்பின் ஒன்றாய்ப் போய்க்கொண்டிருந்தன.
சிவப்பு ஒட்டிய பழைய போல்ட்டைக்
கையில் வைத்துக்கொண்டு
சாலை ஓரத்தில் நின்றேன்.